வேறு வழி இருந்தும்

அவள் வேலை முடிந்து வந்து கதவைத் திறந்தபோது சாப்பாட்டு மேஜையைக் காணவில்லை. நாற்காலிகளும் இல்லை. மேஜை நின்ற இடத்தில் தரை மட்டும் வேறு நிறத்தில், அப்போதுதான் குளித்துவிட்டு வந்தது போலப் பளிச்சென்று இருந்தது. அந்தப் பளிச்சுக்கு நடுவில் அவள் கணவர் சம்மணம் போட்டு உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டிருந்தார்.

"என்னங்க இது? மேஜை எங்க?"

"குடுத்துட்டேன். கீழ் வீட்டு வாத்தியாரோட தம்பிக்கு இப்பதான் கல்யாணம் ஆயிருக்கு. அவனுக்கு உபயோகப்படும்."

"நமக்கு?"

"நமக்கு எதுக்கு? இருக்கறது ரெண்டு பேரு. இனிமே எளிமையா வாழலாம்னு பார்க்கறேன். உக்காந்து பாரு, எவ்வளவு காத்து வருதுன்னு."

உட்கார்ந்து பார்த்தாள். காற்று வந்தது உண்மைதான். எழுந்திருக்கத்தான் முடியவில்லை. முழங்கால் மறுத்தது. சுவரைப் பிடித்து, ஜன்னல் விளிம்பைப் பிடித்து, ஒரு வழியாக எழுந்து நின்றபோது அவர் அடுத்த அறையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பார்வை சோபாவின் மேல் இருந்தது.

அந்த வட்டாரத்தில் அவருக்கு ஷோரூம்காரர் என்று பெயர். கட்டில், பீரோ, சோபா, குளிர்சாதனப் பெட்டி என்று ஒரு குடித்தனத்துக்கு வேண்டிய அத்தனையும் விற்கும் பெரிய கடையில் மீசை கறுப்பாக இருந்த நாளிலிருந்து விற்பனையாளராக இருந்தவர். போன மாதம்தான், அவளுக்கு விடுமுறையாக இருந்த ஒரு நாள், மத்தியானமே வீட்டுக்கு வந்து, "போதும்னு எழுதிக் குடுத்துட்டு வந்துட்டேன்" என்றார். வழியனுப்பு விழா வைக்கவில்லையா என்று கேட்டதற்கு, "நான்தான் வேணாம்னுட்டேன். எளிமையா வந்துட்டேன்" என்றார். அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது. நாள் முழுக்க நின்று நின்று வீங்கிய அவர் பாதங்களுக்கு இனியாவது ஓய்வு கிடைக்கும் என்று நினைத்தாள்.

பாதங்கள் ஓயவில்லை. காலையில் எழுந்ததும் அறை அறையாக நடந்தார். நடந்தபடியே சாமான்களைக் கண்ணால் எடை போட்டார். முதலில் திரைச்சீலைகள் போயின. பிறகு மேஜை. அந்த வாரக் கடைசியில் சோபா.

அவளுக்கு வேலை ஓர் அகராதி அலுவலகத்தில். டயர் கடைக்கு மேலே நாலு அறை; மாணவர்களுக்கான புது அகராதி ஒன்று அங்கே தயாராகிக்கொண்டிருந்தது. "அகராதி பிடிச்சவ" என்று நாத்தனார் அவளைச் சொல்வதில் பாதி திட்டு, பாதி உத்தியோகம். அப்போது அவள் கையில் இருந்தது எகர வரிசை. எலி, எலும்பு எல்லாம் தாண்டி, வந்து நின்ற சொல் "எளிமையாக."

"எளிய முறையில்" என்று பொருள் எழுதி அனுப்பினாள். அது போன வேகத்தில் திரும்பி வந்தது. மெய்ப்புத் திருத்துபவர் தன் நாற்காலியோடு உருண்டு அவள் மேஜைக்கு வந்தார். எந்த வாக்குவாதத்தையும் முடித்துவைத்துவிட்டுத்தான் எழுவார் என்பதால் அவருக்கு அலுவலகத்தில் முற்றுப்புள்ளி என்று பெயர்.

"மேடம், எளிமையாகன்னா எளிய முறையில். எளியன்னா என்னன்னு பார்த்தா எளிமையான. பையன் ரவுண்டு அடிச்சுக்கிட்டே இருப்பான், வீடு போய்ச் சேர மாட்டான்."

"ஆடம்பரம் இல்லாமல்னு போடலாமா?"

"சோத்துக்கே வழியில்லாதவன் ஆடம்பரம் இல்லாமதான் இருக்கான். அவன் எளிமையாக வாழ்கிறான்னு எழுதுவீங்களா?"

எழுத முடியாதுதான். அவள் யோசித்தாள். இருந்தும் வேண்டாம் என்று விட்டவனுக்குத்தான் அந்தச் சொல் பொருந்தும். இல்லாதவனுக்கு அது பொருந்தாது, சொன்னால் கேலியாகிவிடும். "வேண்டுமென்றே ஆடம்பரத்தைத் தவிர்த்து" என்று எழுதிக் காட்டினாள்.

"வேண்டுமென்றேன்னா ஏதோ தப்புப் பண்ணின மாதிரி இருக்கே. வேண்டுமென்றே காலை மிதிச்சான்னு சொல்வோம்." முற்றுப்புள்ளி தலையைச் சொறிந்தார். "இன்னொண்ணு. போன்ல வர்ற விளம்பரம் பார்த்தீங்களா? 'எளிமையாகப் பணம் அனுப்பலாம்'னு போடறான். அது எளிதாக. சுலபமாக. ஆனா ஊரே அப்படி எழுதுது. அதையும் சேர்க்கணும்."

"அது தப்பு சார்."

"தப்போ சரியோ, புழங்குதுல்ல? நம்ம வேலை வாசல்ல உக்காந்து விரட்டறது இல்ல, உள்ள வந்தவங்களைக் குறிச்சுக்கறது."

அவளுக்கு மனம் அதில் ஒட்டவில்லை. இந்நேரம் வீட்டில் எது படியிறங்கிப் போய்க்கொண்டிருக்கிறதோ என்று இருந்தது. போன் செய்தாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது. மறுபடி செய்தாள். எழுந்து தண்ணீர் குடித்தாள், உட்கார்ந்தாள், மறுபடி எழுந்தாள். முற்றுப்புள்ளி, "மேடம், நாற்காலியில ஏதாவது குத்துதா?" என்று கேட்டார்.

அன்று போயிருந்தது துணி துவைக்கும் இயந்திரம்.

"கை இருக்கு, சோப்பு இருக்கு. எதுக்கு அந்தச் சத்தம்?" என்றார் அவர்.

கை யாருடைய கை என்று அவர் சொல்லவில்லை. மறுநாள் விடியும்போது குளியலறையில் வாளிக்கு முன்னால் குந்தி உட்கார்ந்து படுக்கை விரிப்பைத் தேய்த்தது அவள் கை. அவர் வெளியே ஜன்னலோரம் நின்று வெறும் அறையை ரசித்துக்கொண்டிருந்தார். நாத்தனார் போனில் கூப்பிட்டு, "அண்ணி, எங்க அண்ணன் எவ்வளவு எளிமையா ஆயிட்டாரு! எல்லாருக்கும் வருமா இந்த மனசு?" என்றாள். வேறு ஊரில் வேலை பார்க்கும் மகள், காலியான அறையின் படத்தை அலுவலகத் தோழிகளுக்கெல்லாம் காட்டினாளாம். "அம்மா, அப்பா கலக்கறாரும்மா! இப்ப இதுதான் டிரெண்டு."

"டிரெண்டா? வந்து ஒரு நாள் ஜமக்காளம் துவை, தெரியும்" என்று சொல்ல நினைத்து, "ஆமாடி" என்று மட்டும் சொன்னாள். கை சிவந்து எரிந்தது.

குடியிருப்போர் சங்கத்தில் அவரைப் பேசக் கூப்பிட்டார்கள். தலைப்பு: எளிமையாக வாழ்வது எப்படி. அவர் முகத்தில் பழைய களை வந்துவிட்டது. வீட்டுக்குள் நடந்து நடந்து பேசிப் பார்த்தார். வெள்ளைச் சட்டையைத் தேடி எடுத்தார். அது கசங்கியிருந்தது.

"இதைக் கொஞ்சம் தேய்ச்சுக் குடேன்."

"தேய்ப்புப் பெட்டியை எடுத்துக் குடுங்க, தேய்க்கறேன்."

அவர் அலமாரிப் பக்கம் போனார். பாதி வழியில் நின்றார். அது போன வாரமே வாட்ச்மேன் வீட்டுக்குப் போய்விட்டது. கடைசியில் எதிர் வீட்டில் போய்த் தேய்ப்புப் பெட்டியை இரவல் வாங்கி வந்தவள் அவள்தான். எதிர் வீட்டம்மா கொடுக்கும்போதே சிரித்தாள். "எளிமைக்கு இஸ்திரி போடணுமா?"

கூட்டத்தில் அவர் நன்றாகவே பேசினார். ஆயுள் முழுக்க ஆட்களைப் பேசி மயக்கியவர் இல்லையா. கடையில் இருந்ததிலேயே விலை கூடின சோபாவை, "பார்க்க எளிமையா இருக்கும் சார், ஆனா வீட்டுக்கு வர்றவங்க ஒரு நிமிஷம் நின்னு பார்த்துட்டுத்தான் உக்காருவாங்க" என்று சொல்லி விற்றவர். இப்போது அதே குரலில் சோபா இல்லாமையை விற்றார். ஜனங்கள் தலையாட்டினார்கள். கடைசி வரிசையில், கைக்குழந்தையைத் தோளில் போட்டிருந்த ஒரு பெண் எழுந்தாள்.

"சார், வாஷிங் மெஷின் குடுத்துட்டேன்னீங்க. உங்க வீட்டுல துணி யாரு துவைக்கறாங்க?"

அவர் வாயைத் திறந்தார். மனைவி உட்கார்ந்திருந்த பக்கம் பார்த்தார். "அவங்கதான்."

கூட்டம் கொல்லென்று சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. வீடு திரும்பும் வழியெல்லாம் அவளுக்கு ரெண்டு அடி முன்னால் வேகமாக நடந்தார். அவளுக்கோ, ஏதாவது கேட்டால் தெருவிலேயே வெடித்துவிடுவோமோ என்று பயமாக இருந்தது.

துவைக்கும் பேச்சு வந்ததால் திருந்துவார் என்று நினைத்தாள். மாறாக, வெறி கூடிவிட்டது. மறுநாள் காலை அவள் வேலைக்குக் கிளம்பும்போது கீழே வேன் வந்து நின்றது. கடைச் சாமான்களை வீடுவீடாகக் கொண்டு இறக்குகிற வேன்காரன். அவரோடு ரொம்ப நாள் வேலை பார்த்தவன். பீரோவை எடுத்துப்போக வரச் சொல்லியிருக்கிறார். அவள் புடவைகள் ஏற்கெனவே எடுக்கப்பட்டுத் தரையில் குவிந்திருந்தன.

மாடிப்படியில் வேன்காரனை நிறுத்தினாள். "தம்பி, இவருக்கு என்னதான் ஆச்சு? கடையில இருந்தவரைக்கும் நல்லாத்தானே இருந்தாரு?"

அவன் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டான். "என்ன அண்ணி சொல்றது. அண்ணனை அவங்க அப்படி அனுப்பியிருக்கக் கூடாது."

"யாரு அனுப்பினாங்க? இவர்தானே எழுதிக் குடுத்துட்டு வந்தாரு?"

வேன்காரன் விழித்தான். வாயை விட்டுவிட்டோம் என்று தெரிந்துவிட்டது. ஆனால் அவள் படியை மறித்து நின்றாள். அவன் தயங்கித் தயங்கிச் சொன்னான். கடை முதலாளியின் மருமகன் பொறுப்புக்கு வந்தானாம். விலை சொல்ல, விளக்கம் சொல்ல எல்லாவற்றுக்கும் தொட்டுப் பார்க்கிற திரைகளை வைத்தானாம். இவரை வாசலில் நிறுத்தி, தலையில் ஒரு தொப்பியைப் போட்டு, வருகிறவர்களுக்குக் கதவைத் திறந்துவிடச் சொன்னானாம். மழைக்காலம் முழுக்க அங்கேதான் நின்றாராம். பிறகு தானே திறக்கிற கதவு வந்துவிட்டது.

"நம்ம கூட இருந்தவங்க யாரும் வாயைத் திறக்கல அண்ணி. நானுந்தான். பொழப்பு" என்று தலையைக் குனிந்துகொண்டான்.

அவள் அலுவலகம் போய்ச் சேர்ந்தது எப்படி என்று அவளுக்கே தெரியாது. அந்த மழைக்காலத்து மாலைகள்தான் மனதில் ஓடின. நனைந்த சட்டையோடு வந்து, "இன்னைக்கு ஒரு டாக்டர் குடும்பம். அஞ்சே நிமிஷம், கட்டிலை முடிச்சுட்டேன்" என்று சொல்லிச் சிரிப்பார். அவள் தலை துவட்டத் துண்டு எடுத்துக் கொடுப்பாள். அந்த டாக்டர் குடும்பத்துக்கு அவர் கதவைத்தான் திறந்துவிட்டிருக்கிறார்.

முற்றுப்புள்ளி உருண்டு வந்தார். "மேடம், எளிமையாக முடிஞ்சுதா? அச்சுக்குக் கேக்கறாங்க."

"எழுதிக்குங்க சார்," என்றாள். தன் குரல் தனக்கே புதிதாகக் கேட்டது. "வேறு வழி இருந்தும், ஆடம்பரத்தைத் தானே விரும்பித் தவிர்த்து."

"ஆகா. வேறு வழி இருந்தும். அதுதான் உயிர்நாடி. எடுத்துக்காட்டு?"

"அவர் எளிமையாக வாழ்ந்தார்" என்று சொல்ல வாயெடுத்தாள். வரவில்லை. அவள் எழுதிய பொருளே அந்த வாக்கியத்தைத் தள்ளிவிட்டது. வேறு வழி இல்லாமல் போனவர் அந்தச் சொல்லை எடுத்துப் போர்த்திக்கொண்டிருக்கிறார். தான் வேண்டாம் என்று விட்டதாக இருந்தால்தானே தலை நிமிர்ந்து நடக்கலாம். அப்போதுதான் இன்னொன்றும் பிடிபட்டது. மேஜை, சோபா, இயந்திரம், பீரோ. போனது எல்லாமே அந்தக் கடையிலிருந்து வந்தது. அவள் பிறந்த வீட்டுப் பெட்டியை அவர் தொடவே இல்லை. அவர் வீட்டைக் காலி செய்யவில்லை. கடையை வீட்டைவிட்டு வெளியே தள்ளிக்கொண்டிருந்தார்.

"எடுத்துக்காட்டை நீங்களே போட்டுக்குங்க சார். நான் வீட்டுக்குப் போகணும்."

"உடம்பு சரியில்லையா?"

"உடம்பு நல்லாத்தான் இருக்கு" என்று பையை எடுத்துக்கொண்டு படியிறங்கினாள்.

அவர் ஜன்னல் கம்பிகளைத் துடைத்துக்கொண்டிருந்தார். துடைத்த கம்பியையே திரும்பத் துடைத்தார். அவள் செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"ஒண்ணு கேக்கணும். சுத்தி வளைக்காமக் கேக்கறேன். நீங்களா வந்தீங்களா, அவங்க அனுப்பினாங்களா?"

துணி நின்றது. "வேன்காரனுக்கு வாய் சும்மா இருக்காதே."

"அந்தத் தம்பியை விடுங்க. நான் உங்களைக் கேக்கறேன்."

"அனுப்பிட்டாங்க." திரும்பாமலே சொன்னார். அவ்வளவுதான், ஒரே சொல். பிறகு கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"என்கிட்ட சொல்லியிருக்கலாம்ல?"

"சொல்லத்தான் வந்தேன். நீ கதவைத் திறந்து, என்னங்க இன்னைக்குச் சீக்கிரம்னு கேட்ட. வாய்ல வந்தது, போதும்னு வந்துட்டேன்னு. உன் முகம் அப்படி மலர்ந்துச்சு. அதுக்கப்புறம் எப்படி மாத்திச் சொல்றது?" இப்போதுதான் திரும்பினார். "அந்த மேஜையில சாப்பிட உக்காந்தா அந்த மருமகப் பையன் எதிர்ல உக்காந்து பார்க்கற மாதிரியே இருக்கும். எல்லாத்தையும் தூக்கிட்டா நிம்மதி வரும்னு நினைச்சேன். ஒண்ணு போனா, அடுத்தது முறைக்குது."

அவளுக்கு அழுகை வந்தது. ஆனால் அதற்கு முந்திக்கொண்டு கோபம் வந்துவிட்டது. கைகளை அவர் முகத்துக்கு நேரே நீட்டினாள். விரல் இடுக்குகளில் தோல் உரிந்திருந்தது.

"உங்களுக்கு அவன் மேல கோபம். சரி, நியாயம். உங்க கோபத்தை நான் ஏங்க துவைக்கணும்?"

அவர் அந்தக் கைகளைப் பார்த்தார். பார்க்காமல் இருந்த நாளெல்லாம் சேர்த்துப் பார்ப்பது போலப் பார்த்தார். நேரே குளியலறைக்குள் போனார். உள்ளே வாளி உருளும் சத்தமும், தண்ணீர் கொட்டும் சத்தமும், சோப்பு வழுக்கி விழுந்ததற்கு ஒரு வசவும் கேட்டன. அவள் போகவே கூடாது என்று நின்றாள். கொஞ்ச நேரத்தில் உள்ளேயிருந்து, "இதை ஒரு ஆளாப் பிழிய முடியலையே" என்று குரல் வந்தது.

போய், அவர் நனைத்து வைத்திருந்த படுக்கை விரிப்பின் ஒரு நுனியைப் பிடித்தாள். அவர் மறுநுனியை முறுக்கினார். ஒரு சொட்டுத் தண்ணீர் இறங்கவில்லை. ரெண்டு பேரும் மாறி மாறித் திருப்பி ஒருவர் முறுக்கை ஒருவர் பிரித்துக்கொண்டிருந்தார்கள்.

"நில்லுங்க. நான் பிடிச்சுக்கறேன். நீங்க மட்டும் முறுக்குங்க."

"முறுக்கறேன், இழுக்காதே."

"நான் எங்க இழுக்கறேன்? வழுக்கறது உங்க காலு."

அவர் வழுக்கிச் சுவரில் சாய்ந்தார். சட்டை நனைந்து உடம்போடு ஒட்டியிருந்தது. சிரிப்பு வரும் என்று அவள் எதிர்பார்த்தாள். வந்தது சிரிப்பு இல்லை. விரிப்பின் நுனியை விடாமல் பிடித்தபடியே அவர் அழுதார். அவளும் தன் நுனியை விடவில்லை.

மகளுக்கு அவரே போனில் சொன்னார். அடுக்களையில் நின்று அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். "இல்லம்மா, நான் விடலை. அவங்கதான் வேணாம்னுட்டாங்க... ஆமா, வாசல்லதான் நின்னேன்." நடுவில் அவர் ரெண்டு முறை ஹலோ சொன்னார். பிறகு மகள் ஏதோ கேட்க, "உன் கட்டில் இருக்கும்மா. அதுலதான் உங்கம்மா பீரோத் துணியெல்லாம் குவிச்சு வெச்சிருக்கா" என்றார்.

அதற்குப் பிறகு எல்லாம் சரியாகிவிட்டது என்று சொன்னால் பொய். சாமான் கொடுப்பது நின்றது, நடப்பது நிற்கவில்லை. வேறொரு கடையில் பழைய துவைக்கும் இயந்திரம் ஒன்றை வாங்கினார்கள். அது ஓடும்போது வீடே ஆடியது. அதற்குத் துணி போடுவதும் எடுப்பதும் அவர் பொறுப்பு; கலர் துணியை வெள்ளையோடு போட்டு, அவள் உள்பாவாடை எல்லாவற்றையும் ரோஜா நிறமாக்கினார். குடியிருப்போர் சங்கம் மறுபடி பேசக் கூப்பிட்டபோது வரமாட்டேன் என்றார். ஏன் என்று நச்சரித்தார்கள். "எனக்கு வேலை போயிடுச்சு சார், வேறொண்ணுமில்ல" என்று போனை வைத்தார். வைத்துவிட்டு மாடிக்கும் கீழுக்குமாக ஏழெட்டு முறை நடந்தார்.

அவளும் இருப்புக்கொள்ளாமல்தான் இருந்தாள். சில மாலைகளில் அவர் மேல் இரக்கம் வரும். சில மாலைகளில் அந்த மழைக்காலத்துப் பொய்கள் ஒவ்வொன்றாக நினைவு வந்து பேசாமல் திரும்பிப் படுத்துக்கொள்வாள். "டாக்டர் குடும்பமும் பொய்யா?" என்று ஒரு நாள் திடீரென்று கேட்டாள். "இல்ல, வந்தாங்க," என்றார் அவர். "குடையை மடக்கிக் குடுத்தேன்."

பிறகு ஒரு நாள் வேன்காரன் வந்தான். குறுகலான மாடிப்படியில் எந்தச் சாமானை எப்படிச் சாய்த்தால் ஏறும் என்று பார்த்துச் சொல்ல ஆள் இல்லாமல், போன வாரம் மட்டும் ரெண்டு அலமாரியின் மூலையை உடைத்துவிட்டார்களாம். கடைக்காக இல்லை, தானே தனியாக வேன் ஓட்டுகிறானாம். "அண்ணன் வந்து நின்னு சொன்னாப் போதும்." அவர் அவனை வெகுநேரம் பார்த்தார். கடையில் வாயை மூடிக்கொண்டிருந்தவர்களில் இவனும் ஒருவன் என்பது அவர் முகத்தில் தெரிந்தது. மறுநாள் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிப் போனார்.

அன்று அலுவலகத்தில் அவள் ஏகார வரிசைக்கு வந்திருந்தாள். போன் அடித்தது. பின்னணியில் நாலைந்து பேர் ஒரே நேரத்தில் கத்திக்கொண்டிருந்தார்கள்.

"நான்தான். சாயங்காலம் லேட்டாகும். மூணாவது மாடி, வளைவு சரியில்ல. கட்டில் நடுவுல மாட்டிக்கிச்சு... டேய், தூக்காதே, சாய்! இடது பக்கம்... என் இடது பக்கம்டா! இரு, உன்கிட்ட இல்ல—"

"நீங்க தூக்காதீங்க, முதுகு..." என்று அவள் ஆரம்பித்தாள்.

எதிர்முனையில் ஏதோ மடார் என்று இடித்தது. அவர் வைத்துவிட்டார்.